நெடுஞ்சாலைக்குப் போன 58 சென்ட்: இழப்பீட்டை வாங்கலாமா, வழக்காடலாமா?

கேள்வி: கரூர் மாவட்டத்தில் எங்கள் குடும்பத்துக்கு 2 ஏக்கர் 36 சென்ட் தென்னந்தோப்பு இருக்கிறது. தேசிய நெடுஞ்சாலையை அகலப்படுத்துவதற்காக அதன் நடுவே 58 சென்ட்டை எடுத்துக்கொண்டார்கள். கிணறு, மோட்டார் அறை, மாட்டுக் கொட்டகை, 41 தென்னை மரங்கள் அந்த 58 சென்ட்டுக்குள் வருகின்றன. மீதி நிலத்தில் 40 சென்ட் சாலைக்கு அந்தப் பக்கம் துண்டாகக் கிடக்கிறது, போக வழியில்லை. 2022 ஆகஸ்டில் முதல் அறிவிக்கையும், 2023 ஜூனில் அடுத்த அறிவிக்கையும் வந்தன. 2024 நவம்பரில் வந்த அவார்டில் (இழப்பீட்டை நிர்ணயிக்கும் உத்தரவில்) சென்ட் 9,000 ரூபாய் என்று கணக்கிட்டு, எல்லாம் சேர்த்து 21,25,940 ரூபாய் என்று முடித்திருக்கிறார்கள். பக்கத்துத் தோட்டங்கள் 20,000 ரூபாய்க்கு மேல் கைமாறுகின்றன. பணத்தை வாங்கினால் வழக்குப் போட முடியாது என்று ஊரில் சொன்னதால் அப்பா இதுவரை வாங்கவில்லை. இப்போது 60 நாளில் நிலத்தை ஒப்படைக்கச் சொல்லி நோட்டீஸ் வந்துள்ளது. பட்டா இன்னும் காலமான தாத்தா பெயரில் இருக்கிறது. சித்தப்பா பாதிப் பணம் கேட்கிறார். ஏஜென்ட் ஒருவர், தொகையை இரட்டிப்பாக்கித் தருவதாகவும், அதில் 20 சதவீதமும் கையெழுத்திட்ட காசோலை ஒன்றும் வேண்டும் என்றும் சொல்கிறார். உயர் நீதிமன்றத்தில் தடை வாங்கலாமா? பணத்தை வாங்கலாமா? — வாசகி ஒருவர்.

பதில்: அன்புள்ள வாசகிக்கு, நோட்டீசில் 60 நாள் கெடு ஓடிக்கொண்டிருப்பதால், உங்கள் கடைசிக் கேள்வியிலிருந்தே தொடங்குகிறேன். பணத்தை வாங்கலாம், வாங்க வேண்டும். இழப்பீட்டைப் பெற்றுக்கொண்டவர் கூடுதல் தொகை கேட்கக் கூடாது என்று 1956ஆம் ஆண்டின் தேசிய நெடுஞ்சாலைகள் சட்டத்தில் எந்தப் பிரிவும் இல்லை. அச்சட்டத்தின் 3-ஜி பிரிவின் 5ஆம் உட்பிரிவு, நிர்ணயித்த தொகையை ஏற்க இயலாதவர் நடுவரிடம் விண்ணப்பிக்கலாம் என்று மட்டுமே சொல்கிறது. ஆனாலும் பணம் பெறும் ரசீதிலும், அதற்கு முன் பதிவுத் தபாலில் அனுப்பும் கடிதத்திலும், ‘இத்தொகை போதாது என்ற ஆட்சேபனையுடனும், நடுவரிடம் முறையிடும் உரிமையை விட்டுக்கொடுக்காமலும் பெற்றுக்கொள்கிறேன்’ என்று உங்கள் தந்தை எழுதிக் கையெழுத்திடட்டும். உங்கள் ஊரில் உலவும் பேச்சுக்கு ஒரு வேர் உண்டு. பழைய 1894ஆம் ஆண்டுச் சட்டத்திலும் 2013ஆம் ஆண்டின் நில எடுப்புச் சட்டத்திலும், ஆட்சேபனை தெரிவிக்காமல் பணம் பெற்றவர் கூடுதல் இழப்பீட்டுக்கு வழக்குக் கோர முடியாது என்ற விதி இருக்கிறது. அதில் ‘ஆட்சேபனை தெரிவிக்காமல்’ என்ற பாதி வழியில் எங்கோ உதிர்ந்துபோய், ‘பணம் பெற்றவர்’ என்ற பாதி மட்டும் ஊர் ஊராகப் பரவிவிட்டது.

பணத்தை வாங்காமலிருந்தால் நில எடுப்பே காலாவதியாகிவிடும் என்ற இன்னொரு நம்பிக்கையும் உண்டு. 1894ஆம் ஆண்டுச் சட்டத்தின் கீழ் எடுக்கப்பட்ட நிலங்கள் குறித்து, இந்தூர் வளர்ச்சி ஆணைய வழக்கில் உச்ச நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் அமர்வு 2020 மார்ச் 6 அன்று அளித்த தீர்ப்புக்குப் பிறகு அந்த நம்பிக்கைக்கும் இடமில்லை. அரசு கொடுக்க முன்வந்த தொகையை வாங்க மறுத்தவர், தனக்குப் பணம் தரப்படவில்லை என்று சொல்லி எடுப்பை முறியடிக்க முடியாது என்று அத்தீர்ப்பு தெளிவாக்கிவிட்டது. உங்கள் விஷயத்தில் சட்டம் கேட்பதெல்லாம், சுவாதீனம் எடுக்கும் முன் தொகை தகுதிவாய்ந்த அதிகாரியிடம், அதாவது அவார்டு போட்ட அலுவலரிடம், செலுத்தப்பட்டிருக்க வேண்டும் என்பதுதான். பின்னால் நடுவர் கூட்டித்தரும் தொகைக்குச் சுவாதீனம் எடுத்த நாளிலிருந்து ஆண்டுக்கு 9 சதவீத வட்டி உண்டு. ஏற்கெனவே செலுத்தப்பட்ட 21 லட்சத்தை நீங்கள் வாங்க மறுத்ததற்காக அந்த வட்டி உங்களுக்கு வராது.

அடுத்து, தடை உத்தரவு. இதில் உங்களுக்கு நம்பிக்கையூட்ட என்னால் இயலவில்லை. 3-ஏ அறிவிக்கை, அதாவது உங்களுக்கு வந்த முதல் அறிவிக்கை, வெளியான 21 நாளுக்குள் எழுத்து மூலம் ஆட்சேபனை தெரிவித்து, விசாரணை கேட்கும் உரிமையை 3-சி பிரிவு தருகிறது. உங்கள் கடிதத்தில் அப்படி ஒரு மனு கொடுத்ததாகச் செய்தி இல்லை. அடுத்து வருவது 3-டி அறிவிக்கை; அது அரசிதழில் வெளியான நாளிலேயே நிலம் எல்லா வில்லங்கங்களும் நீங்கி மத்திய அரசுக்குச் சொந்தமாகிவிடுகிறது. முதல் அறிவிக்கையிலிருந்து ஓராண்டுக்குள் 3-டி வராவிட்டால் முதல் அறிவிக்கை செயலிழந்துபோகும். ஆனால் உங்களுக்கு 2022 ஆகஸ்டும் 2023 ஜூனுமாகப் பத்து மாதத்தில் முடிந்திருக்கிறது. அரசிதழ்ப் பிரதிகளில் சர்வே எண்ணும் உட்பிரிவும் பரப்பும் சரியாக இருக்கின்றனவா என்று நில அளவை வரைபடமான புலப்படத்தின் நகலோடு ஒருமுறை ஒப்பிட்டுப் பாருங்கள். அதில் பெரிய பிழை இருந்தால் மட்டுமே ரிட் மனு பற்றிப் பேச ஏதேனும் இருக்கும். சேலம்–சென்னை எட்டுவழிச் சாலைக்கான நில எடுப்பைச் சென்னை உயர் நீதிமன்றம் 2019 ஏப்ரல் 8 அன்று ரத்து செய்ததை நீங்கள் நினைவில் வைத்திருக்கக்கூடும். முதல் அறிவிக்கைக்கு முன்பே சுற்றுச்சூழல் அனுமதி பெற்றிருக்க வேண்டும் என்பது அத்தீர்ப்பின் முக்கியக் காரணங்களில் ஒன்று. 2020 டிசம்பர் 8 அன்று உச்ச நீதிமன்றம் அதை ஏற்கவில்லை. சிவில் நீதிமன்றத்தில் உறுத்துக்கட்டளை, அதாவது வேலையை நிறுத்தும் தடை ஆணை, கேட்கலாமே என்றால், சாலை போன்ற உள்கட்டமைப்புத் திட்டங்களைத் தாமதப்படுத்தும் உறுத்துக்கட்டளைகளைக் குறித்துரிமைத் தீர்வுச் சட்டத்தின் (Specific Relief Act) 2018ஆம் ஆண்டுத் திருத்தம் வெளிப்படையாகவே தடுக்கிறது. சொத்துரிமை 1978இல் அடிப்படை உரிமைகளின் பட்டியலிலிருந்து நீக்கப்பட்டாலும், அரசியலமைப்பின் 300-ஏ கூறின் கீழ் இன்றும் உரிமையாகவே நிற்கிறது. ஆனால் அந்த உரிமை, உரிய நடைமுறையும் நியாயமான இழப்பீடும் இன்றி நிலத்தை எடுக்காதே என்று சொல்கிறதே தவிர, எடுக்கவே கூடாது என்று சொல்வதில்லை.

எனவே உங்கள் போராட்டம் இழப்பீட்டுத் தொகையைப் பற்றியதுதான். அது நடக்க வேண்டிய இடம் நீதிமன்றம் அன்று, நடுவர் முன்பாக. இந்தப் பதிலில் நான் வற்புறுத்திச் சொல்ல விரும்புவது இதைத்தான். தமிழ்நாட்டில் பொதுவாக மாவட்ட ஆட்சியரே இதற்கான நடுவராக மத்திய அரசால் நியமிக்கப்பட்டிருக்கிறார். அவார்டு போட்ட சிறப்பு மாவட்ட வருவாய் அலுவலரும் அரசு அதிகாரி, நடுவரும் அரசு அதிகாரி என்பதால், ‘அங்கே போய் என்ன ஆகப்போகிறது, எப்படியும் கோர்ட்டில் பார்த்துக்கொள்ளலாம்’ என்று ஒரு பக்க மனுவைக் கொடுத்துவிட்டு வந்துவிடுகிறவர்கள் மிகப் பலர். என்னிடம் வந்த ஒரு பெரியவர், ‘விலை மிகவும் குறைவு, கூட்டித்தர வேண்டுகிறேன்’ என்ற இரண்டே வரி மனுவோடு ஆட்சியர் அலுவலகத்துக்கு ஏழு முறை நடந்திருந்தார். இணைப்பாக ஒரு பத்திர நகல்கூட இல்லை. பழைய அவார்டை அப்படியே உறுதிசெய்த நடுவரைக் குறைசொல்ல எனக்கு வாய் வரவில்லை.

நீதிமன்றத்தில் பார்த்துக்கொள்ளலாம் என்பது ஏன் ஆபத்து என்பதற்குத் தமிழ்நாட்டிலிருந்தே சென்ற ஒரு வழக்கு சான்றாக இருக்கிறது. நெடுஞ்சாலைக்கு எடுத்த நிலங்களுக்குச் சதுர மீட்டருக்கு 46.55 ரூபாய் முதல் 83.15 ரூபாய் வரை நிர்ணயித்திருந்தார்கள்; நடுவரான ஆட்சியரும் அதையே உறுதிசெய்தார். நடுவர் மற்றும் சமரசச் சட்டத்தின் 34ஆவது பிரிவின் கீழ் மாவட்ட நீதிமன்றம் சென்ற நில உரிமையாளர்களுக்கு, நீதிபதி 645 ரூபாய் என்று உயர்த்திக் கொடுத்தார். தேசிய நெடுஞ்சாலை ஆணையம் உச்ச நீதிமன்றம் வரை சென்றது. ஹக்கீம் வழக்கு என்று வழக்கறிஞர்கள் குறிப்பிடும் அந்த வழக்கில் 2021 ஜூலை 20 அன்று வந்த தீர்ப்பு, 34ஆவது பிரிவின் கீழ் நீதிமன்றம் நடுவரின் தீர்ப்பை ரத்து செய்யலாமே தவிர, அதைத் திருத்தித் தொகையைத் தானே உயர்த்த முடியாது என்றது. அதே திட்டங்களில் ஒத்த நிலையிலுள்ள வேறு சிலருக்கு ஆணையம் அதிகத் தொகை கொடுத்திருந்ததால், அந்த உழவர்களின் கைக்கு வந்த பணத்தில் மட்டும் நீதிமன்றம் கைவைக்கவில்லை. அவர்கள் தப்பினார்கள், பின்னால் வருபவர்களுக்குச் சட்டம் அப்படியே நின்றது. 2025 ஏப்ரல் 30 அன்று ஐந்து நீதிபதிகள் அமர்வு நாலுக்கு ஒன்று என்ற பெரும்பான்மையில் இந்த நிலையைச் சற்றே தளர்த்தியிருக்கிறது. தீர்ப்பின் பிரிக்கக்கூடிய பகுதியை நீக்குவது, எழுத்துப் பிழை, கணக்குப் பிழைகளைச் சரிசெய்வது, தீர்ப்புக்குப் பிந்தைய வட்டியை மாற்றுவது போன்ற குறுகிய எல்லைக்குள் நீதிமன்றம் திருத்தலாம். உங்கள் தோப்பின் சென்ட் விலை 9,000மா 20,000மா என்று சாட்சியத்தைப் புதிதாக எடைபோட்டு முடிவுசெய்வதை அந்த எல்லைக்குள் வருவதாக நான் கருதவில்லை. நடுவர் தீர்ப்பு காரணமே சொல்லாமலோ, நீங்கள் கொடுத்த ஆவணங்களைப் பார்க்காமலோ வந்திருந்தால் நீதிமன்றம் அதை ரத்து செய்யும். அப்போதும் மீண்டும் நடுவரிடம்தான் போய் நிற்க வேண்டும். அதற்குள் சில ஆண்டுகள் போய்விட்டிருக்கும்.

இப்போது கணக்குக்கு வருகிறேன். 2013ஆம் ஆண்டுச் சட்டத்தின் இழப்பீட்டு விதிகள் 2015 முதல் தேசிய நெடுஞ்சாலை நில எடுப்புக்கும் பொருந்துகின்றன. உங்கள் அவார்டும் அப்படித்தான் போடப்பட்டிருக்கிறது. நீங்கள் அனுப்பிய நகலின்படி, 58 சென்ட்டுக்கு 9,000 வீதம் 5,22,000 ரூபாய். ஊரகப் பகுதிக்கான 1.25 என்ற பெருக்கு எண்ணால் பெருக்கினால் 6,52,500; கிணறு, கட்டடம், மரங்களுக்கு 3,40,000 சேர்த்தால் 9,92,500; அதற்குச் சமமான தொகை ஆறுதல் தொகையாகச் சேர்ந்து 19,85,000; முதல் அறிவிக்கையிலிருந்து அவார்டு வரையிலான 27 மாதங்களுக்குச் சந்தை மதிப்பின்மேல் ஆண்டுக்கு 12 சதவீதம், அதாவது 1,40,940. கூட்டல் பெருக்கலில் பிழையில்லை. பிழை இருந்தால் அது அந்த 9,000 என்ற முதல் எண்ணிலும், 3,40,000 என்ற நடு எண்ணிலும்தான் இருக்க முடியும். அடிப்படை மதிப்பில் ஒரு ரூபாய் கூடினால் உங்கள் கையில் 2 ரூபாய் 77 காசு கூடுகிறது என்பதைக் கவனியுங்கள். சென்ட் 20,000 என்று நிலைநாட்டிவிட்டால் மொத்தம் 38,93,200 ஆகிவிடும். வேறெதையும் வாதாட வேண்டியதே இல்லை.

அந்த 9,000 எங்கிருந்து வந்தது? 2013ஆம் ஆண்டுச் சட்டத்தின் 26ஆவது பிரிவு, பத்திரப் பதிவுக்கான வழிகாட்டி மதிப்பையும், அக்கம்பக்கத்தில் அதே வகை நிலம் விற்ற சராசரி விலையையும் ஒப்பிட்டு, எது அதிகமோ அதை எடுக்கச் சொல்கிறது. சராசரி காண்பதற்கும் முறை இருக்கிறது: முந்தைய மூன்று ஆண்டுகளில் பதிவான விற்பனைகளில் விலை அதிகமுள்ள பாதியை மட்டும் எடுத்துக் கணக்கிட வேண்டும், பன்னிரண்டு பத்திரங்கள் இருந்தால் மேல் ஆறு. நடைமுறையில் என்ன நடக்கிறதென்றால், உயர்ந்த விலைப் பத்திரங்கள் ‘மனை’, ‘சாலையோரம்’, ‘ஒப்பிடத்தக்கதல்ல’ என்ற குறிப்புகளோடு பட்டியலிலிருந்து கழிக்கப்பட்டு, எஞ்சிய ஒரு பத்திரம் ஆதார நிலமாக, அலுவலகப் பேச்சில் ‘டேட்டா லேண்ட்’ ஆக, எடுத்துக்கொள்ளப்படுகிறது. உங்கள் முதல் வேலை, அந்த விற்பனைப் பட்டியலையும், ஆதார நிலத்தைக் காட்டும் டோப்போ ஸ்கெட்சையும், மரம், கிணறு, கட்டட மதிப்பீட்டு அறிக்கைகளையும் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் கேட்டு வாங்குவது. கழிக்கப்பட்ட ஒவ்வொரு பத்திரத்துக்கும் சொல்லப்பட்ட காரணத்தைப் படித்தால், நடுவர் முன் பேச வேண்டியது என்ன என்பது தானே தெரிந்துவிடும்.

இன்னொரு செய்தியும் உங்களுக்குச் சாதகமாக இருக்கிறது. தமிழ்நாட்டில் 2017 ஜூன் மாதம் வழிகாட்டி மதிப்பு 33 சதவீதம் குறைக்கப்பட்டது. உங்கள் மதிப்பைக் கணக்கிட வேண்டிய நாள் முதல் அறிவிக்கையின் நாள், அதாவது 2022 ஆகஸ்ட். அது அந்தக் குறைந்த மதிப்பு நடப்பிலிருந்த காலம். பத்திரச் செலவைக் குறைக்க மக்களுக்குச் செய்த ஒரு சலுகை, நிலத்தை இழப்பவரின் சந்தை விலையாக மாறிவிட முடியாது என்று நீங்கள் வாதிடலாம். ஆனால் வெறும் வாதம் போதாது, பத்திரங்கள் வேண்டும். சங்கடமும் இங்கேதான் தொடங்குகிறது. முத்திரைத் தீர்வை 7, பதிவுக் கட்டணம் 4 என்று 11 சதவீதம் கட்ட வேண்டியிருந்த அந்த ஆண்டுகளில், 20,000க்கு வாங்கிய நிலத்தையும் வழிகாட்டி மதிப்புக்கே பத்திரம் எழுதியவர்கள்தான் ஏராளம். இன்று ‘உண்மையில் 20,000 கைமாறியது’ என்று அவர்கள் சாட்சி சொல்ல வந்தாலும், பத்திரத்தில் இருக்கும் எண்ணே பேசும். நீங்கள் சொல்லும் 20,000 ரூபாய் பேச்சு விலையா, பத்திர விலையா என்பதை முதலில் உறுதிசெய்துகொள்ளுங்கள். வங்கிக் கடனில் வாங்கியவர்களின் பத்திரங்களில் பெரும்பாலும் உண்மை விலை இருக்கும். நிறுவனங்கள் கிடங்குக்கோ ஆலைக்கோ வாங்கிய பத்திரங்களிலும் அப்படியே. 2019 ஆகஸ்ட் முதல் 2022 ஆகஸ்ட் வரை உங்கள் கிராமத்துக்கும் அடுத்த கிராமங்களுக்கும் சர்வே எண்வாரியாக வில்லங்கச் சான்று போட்டுப் பார்த்து, விலை உயர்ந்தவற்றுக்குச் சார்பதிவாளரிடம் சான்றிட்ட நகல் வாங்குங்கள். செலவு சில ஆயிரங்களுக்குள் முடியும்; இந்த வழக்கில் நீங்கள் செய்யும் செலவுகளிலேயே பலன் மிகுந்தது இதுதான். அறிவிக்கைக்குப் பின் பதிவான பத்திரங்களையும், அறிவிக்கைக்குச் சற்று முன் உறவினருக்குள் எழுதிக்கொண்டவற்றையும் சேர்க்காதீர்கள். அவை மற்ற பத்திரங்களின் மதிப்பையும் கெடுத்துவிடும். வீட்டுமனைப் பத்திரம் மட்டுமே கிடைத்தால் அதையும் காட்டலாம்; ஆனால் மேம்பாட்டுச் செலவுக்கென அதிலிருந்து ஒரு பகுதியைக் கழிப்பார்கள், மூன்றில் ஒரு பங்கு கழிப்பது நெடுநாள் வழக்கம்.

3,40,000 என்ற அந்த நடு எண்ணையும் விட்டுவிடாதீர்கள். காய்க்கும் தென்னையின் மதிப்பு, அது இன்னும் எத்தனை ஆண்டு காய்க்கும் என்பதைப் பொறுத்தது. தோட்டக்கலை அலுவலரின் அறிக்கையில் மரங்களின் வயதும் காய்ப்பும் சரியாகப் பதிவாகியிருக்கின்றனவா என்று பாருங்கள். கிணற்றுக்குப் பொதுப்பணித் துறை விகிதப்படி மதிப்புப் போடும்போது, ஆழமும் பாறை வெட்டிய அளவும் குறைத்து எழுதப்படுவது நான் பலமுறை கண்டது. இயந்திரம் வந்து மூடிவிட்ட கிணற்றின் ஆழத்தைப் பிறகு யாராலும் அளக்க முடியாது. ஆகவே 60 நாள் கெடு முடிவதற்குள் தேதி தெரியும் வகையில் படமும் காணொளியும் எடுத்துக்கொள்ளுங்கள். தகுதியுள்ள பொறியாளர் ஒருவரைக் கொண்டு தனியாக மதிப்பீட்டு அறிக்கை தயாரியுங்கள். இயன்றால் நடுவர் சட்டத்தின் 9ஆவது பிரிவில் முதன்மை மாவட்ட நீதிமன்றத்தில் மனு செய்து, வழக்கறிஞர் ஆணையரை அனுப்பி நிலத்தைப் பார்வையிட்டுப் பதிவுசெய்யக் கேளுங்கள். தடை கேட்டால் கொடுக்கத் தயங்கும் நீதிமன்றம், சாட்சியத்தைப் பாதுகாக்கக் கேட்டால் அவ்வளவு தயங்குவதில்லை.

துண்டாகிப் போன 40 சென்ட்டைப் பற்றி உங்கள் அவார்டில் ஒரு வரிகூட இல்லை என்பது என்னை வியக்க வைத்தது. 3-ஜி பிரிவின் 7ஆம் உட்பிரிவு, சந்தை மதிப்போடு நில்லாமல், நிலம் பிளவுபடுவதால் வரும் சேதம், எஞ்சிய நிலத்துக்கும் வருமானத்துக்கும் நேரும் பாதிப்பு ஆகியவற்றையும் கணக்கில் எடுக்கச் சொல்கிறது. கிணறு போனதால் எஞ்சிய தோப்பு முழுவதும் நீரற்றுப் போகிறது என்பது அந்தப் பாதிப்பின் நேரடியான எடுத்துக்காட்டு. அந்த 40 சென்ட்டையும் சேர்த்து எடுத்துக்கொள்ளுங்கள் என்று நெடுஞ்சாலைச் சட்டத்தின் கீழ் உரிமையாகக் கோர முடியாவிட்டாலும், பிளவுச் சேதத்தைத் தனித் தலைப்பாக, தனித் தொகையோடு, கோரிக்கை மனுவில் எழுத வேண்டும். மாட்டுக் கொட்டகைக்கு 2013ஆம் ஆண்டுச் சட்டத்தின் இரண்டாம் அட்டவணை குறைந்தது 25,000 ரூபாய் உதவித்தொகை சொல்கிறது. அதையும் கேட்டு எழுதுங்கள்.

சமரசமாக முடிக்க வழியில்லையா என்றும் உங்கள் கடிதத்தின் ஓரத்தில் கேட்டிருந்தீர்கள். நடுவர் சட்டம் சமரசத்தை அனுமதிக்கிறது. இருதரப்பும் ஒப்பினால் அதையே நடுவர் தீர்ப்பாக்கலாம். ஆனால் தணிக்கைக்கு அஞ்சும் நெடுஞ்சாலை ஆணையத்தின் எந்தத் திட்ட இயக்குநரும் சென்ட்டுக்கு இவ்வளவு கூட்டித் தருகிறேன் என்று கையெழுத்திட முன்வந்ததை நான் பார்த்ததில்லை. விலையில் விட்டுக்கொடுக்காதவர்கள் வேலையில் விட்டுக்கொடுப்பார்கள். சாலை போடும்போதே இந்தப் பக்கமிருந்து அந்தப் பக்கம் தண்ணீர் கொண்டுபோக ஒரு குழாயைக் குறுக்கே பதித்துத் தருவது, சிறுபாலத்தைச் சற்று நகர்த்தி உங்கள் துண்டு நிலத்தருகே அமைப்பது, அணுகுசாலையை 40 சென்ட் வரை நீட்டுவது போன்றவை இப்போது கேட்டால் வரைபடத்தில் ஒரு கோடு. சாலை முடிந்தபின் கேட்டால் நடக்காத காரியம். திட்ட இயக்குநருக்கும் ஆட்சியருக்கும் வரைபடத்தோடு தனி மனு கொடுத்து ஒப்புகை வாங்குங்கள். மின்வாரியத்துக்கும் இப்போதே எழுதி, விவசாய மின் இணைப்பைப் புதுக் கிணற்றுக்கு மாற்றக் கோருங்கள். இணைப்பு ரத்தாகிவிட்டால் புதிதாகப் பெற நெடுங்காலம் காத்திருக்க நேரிடும்.

நடுவரிடம் விண்ணப்பிக்க நெடுஞ்சாலைச் சட்டம் கெடு எதையும் குறிப்பிடவில்லை. பொதுவான காலவரம்புச் சட்டப்படி மூன்று ஆண்டு என்று எடுத்துக்கொண்டு, 2027 நவம்பர் வரை காத்திராமல், ஆவணங்கள் கைக்கு வந்த உடனே தாக்கல் செய்யுங்கள். மனுவும் பதிலுரையும் முடிந்த நாளிலிருந்து 12 மாதத்தில் நடுவர் தீர்ப்பளிக்க வேண்டும். இருதரப்பும் ஒப்பினால் இன்னும் 6 மாதம். நேர்முக விசாரணை வேண்டும் என்று எழுத்தில் கேளுங்கள். எதிர்த்தரப்பு தாக்கல் செய்யும் ஒவ்வொரு தாளுக்கும் நகல் கேளுங்கள். தீர்ப்பு கைக்குக் கிடைத்த நாளைக் குறித்து வையுங்கள். அதை எதிர்க்க மூன்று மாதம்தான், அதன்மேல் தக்க காரணம் காட்டினால் 30 நாள், அதற்கு அப்பால் எந்த நீதிமன்றமும் மன்னிக்காது. பக்கத்துத் தோட்டக்காரர் வென்றால் நமக்கும் அதே விலை தானாகக் கிடைத்துவிடும் என்று காத்திருக்க வேண்டாம்.

குடும்ப விஷயம். தாத்தா அந்தத் தோப்பைச் சுயமாகச் சம்பாதித்து, உயில் எழுதாமல் காலமானார், பாட்டியும் இல்லை என்று எழுதியிருக்கிறீர்கள். அப்படியானால் உங்கள் தந்தைக்கும் சித்தப்பாவுக்கும் மட்டுமன்றி, கடிதத்தில் ஒரே ஒரு இடத்தில் போகிறபோக்கில் குறிப்பிட்டிருக்கும் உங்கள் அத்தைக்கும் சமப் பங்கு உண்டு; சித்தப்பா கேட்கும் பாதி அவருக்குச் சேராது, உங்கள் தந்தைக்கும் பாதி சேராது, ஆளுக்கு மூன்றில் ஒன்று. கிணறும் மரமும் தன் உழைப்பில் வந்தவை என்று உங்கள் தந்தை கருதினால், அந்தப் பகுதிக்கான தொகையை அவருக்கென ஒதுக்கி மூவரும் உடன்பாடு எழுதலாம். வாரிசுச் சான்றோடு மூவரும் கையெழுத்திட்ட பங்கீட்டுக் கடிதம் கொடுத்தால் தகுதிவாய்ந்த அதிகாரி பணத்தைப் பிரித்துக் கொடுத்துவிடுவார். தகராறு என்று ஒருவர் எழுதிக்கொடுத்தால், 3-எச் பிரிவின்படி விஷயம் சிவில் நீதிமன்றத்துக்குப் போகும். பணமும் அங்கே போய் முடங்கும். இழப்பீட்டை உயர்த்தும் மனுவையும் மூவர் பெயரிலும் போடுங்கள். அத்தையை விட்டுவிட்டுப் போட்டால், எதிர்த்தரப்பு முதலில் எடுக்கும் ஆட்சேபனை அதுவாகத்தான் இருக்கும்.

இழப்பீட்டுக்கு வருமான வரி விலக்கு உண்டு. 2013ஆம் ஆண்டுச் சட்டத்தின் 96ஆவது பிரிவு அதைச் சொல்கிறது. வரி பிடித்தம் செய்திருந்தால் கணக்குத் தாக்கலின்போது திரும்பப் பெறலாம்; தாமத வட்டிக்கு இந்த விலக்கு கிடைக்குமா என்பதை மட்டும் தணிக்கையாளரிடம் கேட்டுக்கொள்ளுங்கள்.

அந்த ஏஜென்டைப் பற்றி: கிடைக்கும் தொகையில் பங்கு என்று கட்டணம் பேச, வழக்கறிஞர்களுக்கு இந்திய பார் கவுன்சில் விதிகள் தடை விதிக்கின்றன, வழக்கறிஞரல்லாத ஒருவருக்கு உங்கள் சார்பில் அதைவிட அதிக உரிமை எங்கிருந்தும் வரவில்லை. உங்கள் தந்தை ஏற்கெனவே காசோலை எதையும் கொடுத்திருந்தால், நாளைக் காலையே வங்கிக்குச் சென்று அந்த எண்ணைக் குறிப்பிட்டு, பணம் கொடுப்பதை நிறுத்தும்படி எழுத்து மூலம் கொடுத்துவிட்டு, அதன் பிறகு இழப்பீட்டுத் தொகையை அந்தக் கணக்கில் வரவு வைக்கச் சொல்லுங்கள்.